உயிர் போகும் இடத்தில் கேமராவோடு நிற்பது

கேள்வி: கயிறில்லாமல் பாறை ஏறுகிறவர்கள், மலை விளிம்பிலிருந்து பாராசூட்டோடு குதிக்கிறவர்கள் போன்ற சிறு குழுக்களைப் பற்றி, பெரிய நிறுவனம் எதுவும் பின்னால் இல்லாமல் ஆவணப்படம் எடுக்க முடியுமா? கேமரா இருக்கிறது என்பதற்காகவே அவர்கள் கூடுதல் ஆபத்தில் இறங்கிவிட மாட்டார்களா? எங்கிருந்து தொடங்குவது?

இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்கிறேன். மற்றதெல்லாம் அதிலிருந்துதான் கிளைக்கிறது. ஆமாம், கேமரா ஆபத்தைக் கூட்டும். மூன்று வழிகளில் கூட்டும். முதலாவது நேரடியானது: மேலே கயிற்றில் தொங்கும் கேமராக்காரரின் கால் பட்டு ஒரு கல் பெயர்ந்தால் போதும், கீழே ஏறிக்கொண்டிருப்பவர் பிழைக்க மாட்டார். இரண்டாவது, தேதி. படக்குழு வந்துவிட்டது, வாடகை ஏறுகிறது, எல்லாரும் காத்திருக்கிறார்கள் என்ற நிலை வந்துவிட்டால், "இன்றைக்கு உடம்பு சரியில்லை, இறங்கிவிடுகிறேன்" என்று சொல்ல வாய் வராது. மூன்றாவது, பார்க்க ஆள் இருக்கிறது என்றதும் வருகிற துணிச்சல். இந்த மூன்றையும் குறைக்கத் தெரிந்தவர் எடுக்கலாம். தெரியாதவர், எவ்வளவு நல்ல கேமரா வைத்திருந்தாலும், எடுக்கக்கூடாது என்பது என் உறுதியான கருத்து.

இதற்குப் படிக்க வேண்டிய இடம் கலிஃபோர்னியாவின் யோசெமிட்டி பள்ளத்தாக்கு. அங்கே எல் கேப்பிட்டன் என்ற கிரானைட் சுவர் ஏறக்குறைய 900 மீட்டர் செங்குத்தாக நிற்கிறது. 1966 ஜூலையில் இரண்டு பேர் அதன் உச்சியிலிருந்து பழைய வட்ட வடிவப் பாராசூட்டோடு குதித்தார்கள். அந்தப் பாராசூட்டை நினைத்த திசைக்குத் திருப்ப முடியாது. இருவருமே எலும்பு முறிந்துதான் தரைக்கு வந்தார்கள். 12 ஆண்டு கழித்து, 1978 ஆகஸ்டில், கார்ல் போனிஷ் என்ற படப்பிடிப்பாளர் அதே இடத்துக்கு நான்கு பேரை அழைத்துப் போனார். இந்த முறை இருந்தது செவ்வக வடிவில் விரிந்து, இழுத்த பக்கம் திரும்பும் பாராசூட். போனிஷ் வானில் குதித்துக்கொண்டே படமெடுப்பதில் தேர்ந்தவர். ஹெல்மெட்டில் 16 மி.மீ. ஃபிலிம் கேமராவைப் பொருத்திக்கொண்டு எடுத்தவர். அந்தக் காட்சிகளைப் பார்த்தவர்கள் தாங்களும் குதிக்க ஆசைப்பட்டார்கள். கட்டடம், கோபுரம், பாலம், மலை ஆகிய நான்கிலிருந்தும் குதித்தவர்களுக்கு 1981இல் வரிசை எண் கொடுக்கத் தொடங்கினார்கள். முதல் நான்கு எண்களில் போனிஷும் அவர் மனைவி ஜீனும் இருக்கிறார்கள். அந்த நான்கின் ஆங்கிலப் பெயர்களின் முதலெழுத்துகளைச் சேர்த்து பேஸ் ஜம்பிங் என்று இன்று நாம் சொல்வது இப்படித்தான் பெயரும் உருவமும் பெற்றது. 1984 ஜூலையில் நார்வேயின் டிரோல்வெகன் மலைச் சுவரிலிருந்து ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்காகக் கணவன் மனைவி இருவரும் சாதனைக் குதிப்பு ஒன்றைச் செய்து முடித்தார்கள். சில நாட்களுக்குள் அதே மலையில் வேறொரு முனையிலிருந்து குதித்த போனிஷ் இறந்துபோனார்.

ஒரு படப்பிடிப்பாளரின் கேமரா ஒரு குழுவையே உருவாக்கியது என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் இல்லை. நீங்கள் வெளியே நின்று பதிவு செய்வதாக நினைத்துக்கொண்டிருப்பீர்கள். உங்கள் படத்தைப் பார்த்து யாரோ ஒருவர் அடுத்த மாதம் விளிம்பில் போய் நிற்பார். படம் எடுக்கும்போதே இது மனதில் இருக்க வேண்டும்.

யோசெமிட்டியிலேயே இன்னொரு பாடமும் இருக்கிறது. 1980இல் பூங்கா நிர்வாகம் சிறிது காலம் அனுமதிச் சீட்டு கொடுத்துப் பார்த்தது, பிறகு நிறுத்திவிட்டது. அதன்பின் குதித்தால் கைது, பாராசூட் பறிமுதல். 1999 ஜூனில் ஒருவர் நல்லபடியாகக் குதித்துத் தரை தொட்டுவிட்டார். பிறகு வனக்காவலர்களிடமிருந்து தப்பி ஓடியபோது மெர்சட் ஆற்றில் மூழ்கி இறந்தார். தடையை எதிர்த்து அந்த அக்டோபரில் ஐந்து பேர் பகிரங்கமாகக் குதிக்க முடிவு செய்தார்கள். பத்திரிகையாளர்கள் வந்திருந்தார்கள், கேமராக்கள் ஓடின. குதித்தவர்களில் ஒருவரான ஜான் டேவிஸ் அனுபவசாலி. ஆனால் எப்படியும் பறிமுதலாகப் போகிறதே என்று தன் சொந்தப் பாராசூட்டை விட்டுவிட்டு, பழக்கமில்லாத இரவல் பாராசூட்டோடு குதித்தார். அது விரியவே இல்லை. உயரம், காற்று, திறமை எல்லாம் சரியாக இருந்தும், சட்டத்துக்குப் பயந்து செய்த ஒரு மாற்றம் உயிரைக் குடித்தது. இந்த மாதிரிக் குழுக்களைப் படமெடுக்கப் போகிறவர் முதலில் கேட்க வேண்டியது "எவ்வளவு உயரம்?" என்பதை அல்ல. "இன்று வழக்கத்துக்கு மாறாக எதைச் செய்கிறீர்கள்?" என்று கேளுங்கள். இரவல் உபகரணம், புதுக் காலணி, வழக்கமாக வராத நண்பர், வழக்கமில்லாத நேரம், இவற்றில் ஏதாவது ஒன்று பதிலில் வந்தால் அன்று கேமராவை வெளியே எடுக்காமல் இருப்பது நல்லது. அந்த மாற்றத்துக்கு நீங்களே காரணமாக இருந்தால் கட்டாயம் எடுக்கக்கூடாது.

சரியாகச் செய்ததற்கும் அதே சுவரே உதாரணம். 2017 ஜூன் 3 அன்று அலெக்ஸ் ஹானல்ட் ஃப்ரீரைடர் என்ற பாதையில், கயிறே இல்லாமல், காலை 5.32க்கு ஏறத் தொடங்கி 3 மணி 56 நிமிடத்தில் உச்சியை அடைந்தார். கயிறு கட்டி ஏறும் நல்ல ஏறுநர்களே அந்தப் பாதைக்குச் சில நாட்கள் எடுத்துக்கொள்வார்கள். அதை எலிசபெத் சாய் வசார்ஹெலியும் ஜிம்மி சின்னும் எடுத்த 'ஃப்ரீ சோலோ' என்ற ஆவணப்படம் 2019இல் ஆஸ்கர் வாங்கியது எல்லாருக்கும் தெரியும். எனக்கு முக்கியமாகப் படுவது அவர் ஏறியதற்கு முந்தைய ஆண்டு நடந்தது. 2016 இலையுதிர் காலத்தில், கேமராக்கள் தயாராக இருந்த நிலையில், ஹானல்ட் ஏறத் தொடங்கிக் கீழ்ப் பகுதியிலேயே நிறுத்திவிட்டு இறங்கினார். அவ்வளவு செலவு, அவ்வளவு ஆட்கள் இருந்தும் அவரால் இறங்க முடிந்தது. அந்தக் குழுவின் மிகப் பெரிய வெற்றி அதுதான். எந்த நாள் என்று அவரை நெருக்காமல், கேட்டு நச்சரிக்காமல் இருந்ததால் வந்த வெற்றி.

அவர்கள் செய்த ஏற்பாடுகளைப் பாருங்கள். பாறையில் தொங்கிய கேமராக்காரர்கள் அத்தனை பேரும் தாங்களே தேர்ந்த ஏறுநர்கள். பாதையின் மிகக் கடினமான இடத்தில் ஒருவரையும் தொங்கவிடவில்லை. தூரத்திலிருந்து இயக்கும் கேமராக்களைப் பொருத்திவிட்டு ஆட்கள் விலகிவிட்டார்கள். கீழே புல்வெளியில் நீள லென்ஸோடு ஒருவர் நின்றார். அவர் பல இடங்களில் பார்க்க முடியாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டது படத்திலேயே இருக்கிறது. அமெரிக்க தேசியப் பூங்காக்களில் 2014 முதல் டிரோனுக்குத் தடை இருப்பதால் அந்தப் பேச்சே இல்லை. டிரோன் அனுமதி உள்ள இடத்திலும் நான் இதையே பரிந்துரைப்பேன். அந்த இரைச்சல் கவனத்தைக் கெடுக்கும், பறவைகளைக் கிளப்பிவிடும். பேட்டரி தீர்ந்து தானாகத் திரும்பும் டிரோன் எந்தப் பாதையில் வரும் என்று அந்தப் பதற்றத்தில் யாருக்கும் நினைவிருக்காது.

இனி கயிற்று வேலை. இதில் கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் புதியவர்கள் தவறு செய்வது இங்கேதான்.

கேமராக்காரருக்குத் தனிக் கயிறு, தனி நங்கூரம். பாறையில் அடித்து ஏறுநர் பயன்படுத்தும் போல்ட்டுகளில் ஒன்றைக்கூட எடுத்துக்கொள்ளக்கூடாது. நீளாத வகைக் கயிறு, 10 முதல் 11 மி.மீ. தடிமன். ஏறுநர்களின் நீளும் கயிற்றில் கேமராவோடு தொங்கினால் ஒவ்வொரு அசைவுக்கும் மேலும் கீழும் ஆடும். ஆடும்போது பாறை விளிம்பில் உரசி அறுபடும். உச்சியில் ஒன்றையொன்று சாராத இரண்டு பிடிமானங்கள், கயிறு விளிம்பைத் தொடும் ஒவ்வோர் இடத்திலும் தடித்த துணியுறை. கயிறு ஏறுநரின் பாதைக்கு நேர் மேலே வரவே கூடாது. பக்கவாட்டில் குறைந்தது 3 மீட்டராவது தள்ளி இருக்கட்டும். நேர் மேலேயிருந்து எடுக்கும் ஷாட்டுக்கு எல்லாரும் ஆசைப்படுவார்கள், ஆழம் நன்றாகத் தெரியும் என்பதால். ஆனால் விழும் தூசி, வியர்வை, கல் எல்லாம் ஏறுநரின் கண்ணுக்குத்தான் போகும். அந்த ஷாட் வேண்டுமென்றால் கயிறு கட்டி ஒத்திகை பார்க்கும் நாளில் எடுத்துக்கொள்ளுங்கள். எடுத்தது ஒத்திகை நாளில் என்பதைப் படத்தில் மறைக்காமலும் இருங்கள்.

பலருக்குத் தோன்றாத ஒன்று கயிற்றின் வால். கேமராக்காரருக்குக் கீழே தொங்கும் மிச்சக் கயிறு காற்றில் நகர்ந்து ஏறுநரின் கைப்பிடிமேல் போய் விழும். அதைச் சுருட்டி ஒரு பையில் இடுப்பிலேயே வைத்துக்கொள்ள வேண்டும். லென்ஸ் மூடி, சன் ஹுட், கழலக்கூடிய ஃபில்டர் எல்லாவற்றையும் மேலேயே விட்டுவிட்டு வர வேண்டும். கேமராவுக்கு இரண்டு கட்டு. ஒன்று கை தவறினால் தாங்க, இன்னொன்று அந்தக் கட்டே அறுந்தால் தாங்க. தொங்கிக்கொண்டு லென்ஸ் மாற்றக்கூடாது. இரண்டு லென்ஸ் வேண்டுமென்றால் இரண்டு கேமரா எடுத்துப் போங்கள். மெமரி கார்டு மாற்றுவதானால் மார்போடு கட்டிய பைக்குள் கையை விட்டு மாற்றுங்கள். 200 மீட்டரில் இருந்து விழும் பேட்டரி ஹெல்மெட்டையே பிளக்கக்கூடும்.

விடியுமுன் இறங்கி, இடத்தில் அமர்ந்து, ஏறுநர் வரும்போது அசையாமல் இருக்க வேண்டும். அவர் கடந்து மேலே போனபிறகுதான் நகரலாம். ஃபோக்கஸ் தேடிக்கொண்டு உடம்பைத் திருப்புவது, தொண்டையைச் செருமுவது, "அருமை" என்று பாராட்டுவது எதுவும் கூடாது. வாக்கிடாக்கி காதுக்குள் மட்டும் கேட்க வேண்டும். ஏறுநர் பேச்சுக் கொடுத்தால் பதில் சொல்லலாம், நாமாகத் தொடங்கக்கூடாது.

தரையிலிருந்து நீள லென்ஸில் எடுப்பது இவை எல்லாவற்றையும்விடப் பத்திரம். ஆனால் வெயில் ஏறியதும் பாறை சூடாகி, இடையிலுள்ள காற்று அலையும், 600 மி.மீ. லென்ஸில் உருவம் தண்ணீருக்கடியில் இருப்பதுபோல் நெளியும். இதற்கு எடிட்டிங்கில் மருந்து கிடையாது. காலை முதல் சில மணி நேரத்துக்குள் முடிந்தால் உண்டு. முக்காலியின் நடுவே கனமான பை ஒன்றைத் தொங்கவிடுங்கள், ஆட்டம் குறையும்.

குதிப்பவர்களை எடுப்பது வேறு மாதிரி. எல்லாம் சில நொடிகளில் முடிந்துவிடும், இரண்டாவது டேக் கிடையாது, கேட்கவும் கூடாது. எக்ஸ்போஷரைக் கையால் பூட்டிவிடுங்கள். தானாக மாறும்படி விட்டால், விளிம்பில் நிற்பவர் பாறைப் பின்னணியிலிருந்து வானப் பின்னணிக்கு வரும் கணத்தில் கருநிழலாகிவிடுவார். ஃபோக்கஸை விளிம்பில் முன்பே பிடித்து வையுங்கள். நொடிக்கு 50 ஃபிரேமில், ஷட்டர் 1/200க்கு மேல் வைத்தால் பாராசூட் துணி விரியும் விதம் தெளிவாகக் கிடைக்கும். விபத்தோ, தப்பித்ததோ, எதுவானாலும் அந்தப் பதிவை அந்தக் குழு பிறகு ஆராய்ச்சிக்குக் கேட்கும், கொடுங்கள். "மூன்று, இரண்டு, ஒன்று" என்று எண்ணுவது குதிப்பவரின் வேலை. இயக்குநர் வாயிலிருந்து அந்த எண்கள் வரவே கூடாது.

குதிப்பவரின் ஹெல்மெட்டில் கேமரா வைப்பது சின்ன விஷயமாகத் தெரியும். பாராசூட்டின் கயிறு அதில் மாட்டினால் கழுத்து போகும், அல்லது பாராசூட் விரியாது. அதனால் முனையில்லாத, வழவழப்பான பொருத்தியும், ஒரே இழுப்பில் ஹெல்மெட் கழன்றுவிடும் தாடைக் கொக்கியும் வேண்டும். அமெரிக்கப் பாராசூட் சங்கம், விமானத்திலிருந்து குதிப்பவர்களுக்கே 200 குதிப்புகள் முடியும்வரை கேமரா வேண்டாம் என்று பரிந்துரைக்கிறது. உங்கள் படத்துக்காக ஒருவர் முதல்முறையாகக் கேமராவை மாட்டிக்கொள்வதாகச் சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

ஒலிக்கு வயர்லெஸ் மைக்கை நம்பாதீர்கள். பாறை மறைத்தால் அலைவரிசை போய்விடும். சிறு ரெக்கார்டர் ஒன்றை, கை வழுக்காமலிருக்க ஏறுநர் இடுப்பில் கட்டும் சுண்ணப்பொடிப் பையின் அடியிலோ உடைக்குள்ளோ தைத்து, காலர் மைக்கோடு இணைத்து, காலையிலேயே ஓடவிட்டு மறந்துவிடுங்கள். 32 பிட் ஃப்ளோட் வகை ரெக்கார்டரில் திடீர்ச் சத்தத்திலும் ஒலி சிதையாது. ஆனால் காற்று நேராக மைக் மேல் அடித்தால் எந்த ரெக்கார்டரும் காப்பாற்றாது. ரோம உறை கட்டாயம். அந்த உறையோடும் ரெக்கார்டரோடும் ஏறுநர் பல நாள் ஒத்திகை பார்த்துப் பழகிய பிறகுதான் முக்கிய நாளில் வைக்கலாம். 50 கிராம் என்பது நமக்கு ஒன்றுமில்லை, அவருக்கு அப்படி இல்லை.

பேட்டரி குளிரில் சீக்கிரம் படுத்துவிடும். உடம்போடு ஒட்டிய உள்பையில் வையுங்கள். சேமிப்புக் கணக்கை முன்பே போடுங்கள்: 100 எம்பிபிஎஸ் (நொடிக்கு 100 மெகாபிட்) 4கே பதிவு மணிக்கு 45 ஜிபி தின்னும். 128 ஜிபி கார்டு மூன்று மணி நேரத்துக்குள் நிரம்பும். தூரத்திலிருந்து இயக்கும் கேமராவைச் சீக்கிரமே ஓடவிட்டால் முக்கியக் கணத்தில் கார்டு நிறைந்து நின்றிருக்கும். 300 மணி நேரப் பதிவு சேர்ந்தால் 13.5 டிபி, மூன்று பிரதிகளுக்கு 40.5 டிபி. இந்த ஹார்டு டிஸ்க் செலவைப் பட்ஜெட்டில் போடாமல், பிறகு ஒரே பிரதியோடு அலைகிறவர்கள் நிறைய.

இந்தக் குழுக்களுக்குள் எப்படிப் போவது? கேமரா இல்லாமல். நியூயார்க்கில் சுரங்க ரயில் பெட்டிகளில் ஓவியம் தீட்டிய இளைஞர்களைப் பற்றிய 1983ஆம் ஆண்டு ஆவணப்படத்தின் தயாரிப்பாளர்களில் ஒருவரான ஹென்றி சால்ஃபன்ட், அதற்குப் பல ஆண்டு முன்பிருந்தே நடைமேடையில் நின்று அந்தப் பெட்டிகளைப் புகைப்படம் எடுத்துக்கொண்டிருந்தவர். ஒரு பெட்டி முழுவதும் ஒரே படத்தில் அடங்காது என்பதால் துண்டு துண்டாக எடுத்து ஒட்டுவார். வரைந்தது விரைவில் அழிக்கப்பட்டுவிடும், வரைந்தவர்களிடமே நல்ல பதிவு கிடையாது. அதனால் அவரது ஸ்டுடியோவுக்கு அவர்களே வந்து சேர்ந்தார்கள். அவர்களுக்குத் தேவையான ஒன்று அவரிடம் இருந்தது என்பதைக் கவனியுங்கள். அதே நகரத்தின் ரயில் சுரங்கத்தில் வாழ்ந்தவர்களைப் பற்றி 2000இல் படம் வெளியிட்ட மார்க் சிங்கர், முன்பு படமே எடுத்ததில்லை. சுரங்கவாசிகளோடு வாழ்ந்து, அவர்களையே படக்குழுவாக்கினார். விளக்குப் பிடித்தது, தண்டவாளத்தில் கேமரா வண்டி செய்து தள்ளியது எல்லாம் அவர்கள்தான்.

உங்களுக்கும் அதே வழிதான். கயிறு சுமக்கலாம், வண்டி ஓட்டலாம், கீழே நின்று காற்றின் வேகம் பார்த்துச் சொல்லலாம். முதலுதவிப் பயிற்சி எடுத்துக்கொண்டு போனால் உங்களை வேண்டாம் என்று சொல்லமாட்டார்கள். சில மாதம் கழித்துக் கேமரா தானாக உள்ளே வரும். ஒரு எச்சரிக்கை: உங்களை முதலில் தேடி வந்து பேசுகிறவர் பெரும்பாலும் ஏற்கெனவே இணையத்தில் பார்வையாளர்களைச் சேர்த்து வைத்திருப்பவராக இருப்பார். கேமராவைக் கண்டால் வரம்பு மீறக்கூடியவரும் அவர்தான். ஓரமாக உட்கார்ந்து உபகரணத்தைச் சரிபார்க்கிறவரைப் பாருங்கள். விட்டுவிட்டுப் போனவர்களைப் பாருங்கள். அடிபட்டுப் படுத்தவரின் மனைவியையும் அம்மாவையும் பாருங்கள். "பயமாக இல்லையா?" என்று கேட்டால் எல்லாரும் ஒரே பதிலைத்தான் சொல்வார்கள், ஆயிரம் பேர் கேட்டுவிட்டார்கள். "கடைசியாக எந்த நாளில் திரும்பி வந்தீர்கள், எதைப் பார்த்துத் திரும்பினீர்கள்?" என்று கேளுங்கள். உண்மையான பேச்சு அங்கே தொடங்கும்.

ஒப்புதல் ஒருமுறை வாங்கிப் பெட்டியில் போட்டுவிடும் காகிதம் அல்ல. தொடக்கத்தில் ஒருமுறை, முக்கியக் காட்சி எடுத்த பிறகு ஒருமுறை, ரஃப் கட் (முதற்கட்ட எடிட்) பார்த்த பிறகு ஒருமுறை என்று மூன்று முறை பேசுங்கள். 18 வயதுக்குக் கீழே இருப்பவர் ஆபத்தான செயலில் ஈடுபடுவதை எடுக்கவே வேண்டாம், பெற்றோர் கையெழுத்து இருந்தாலும். எடிட்டிங் முடிவு உங்களுடையது என்பதையும், எந்த மூன்று நான்கு விஷயங்களுக்கு அவர்களுக்கு மறுப்புரிமை உண்டு என்பதையும் எழுத்தில் வையுங்கள். இடத்தின் பெயர், வீட்டாரின் முகம், வேலை செய்யும் நிறுவனம் போன்றவை.

இறந்தால் என்ன செய்வது என்பதையும் முன்கூட்டியே எழுத வேண்டும். சங்கடமான பேச்சுதான், ஆனால் இந்தக் குழுக்களில் இருப்பவர்கள் அதைப் பேசத் தயங்குவதில்லை, தயங்குவது நாம்தான். பதிவை முதலில் யார் பார்ப்பார், யாரிடம் ஒப்படைப்பீர்கள், படத்தில் அந்தக் கணம் வருமா, படமே தொடருமா என்ற நான்கு கேள்விகளுக்கும் அவர் கையெழுத்தோடு பதில் இருக்க வேண்டும். அலாஸ்காவில் கரடிகளோடு கோடைகளைக் கழித்த டிமதி டிரெட்வெல் 2003 அக்டோபரில் கரடியால் கொல்லப்பட்டபோது, கேமராவின் மூடி கழற்றப்படாததால் ஒலி மட்டும் பதிவானது. அவரைப் பற்றிப் படமெடுத்த வெர்னர் ஹெர்சாக், அதைத் தான் ஹெட்ஃபோனில் கேட்பதை மட்டும் காட்டினார். பார்வையாளருக்கு ஒலியைத் தரவில்லை. படத்தின் பலம் அதனால் குறையவில்லை. மரணத்தைக் காட்டாமல் அதன் கனத்தைச் சொல்ல முடியும் என்பதற்கு அது போதுமான சான்று.

பணம். செயலுக்குப் பணம் தராதீர்கள். "ஏறினால் இவ்வளவு" என்று சொன்ன நிமிடமே, நீங்கள் பதிவு செய்பவர் அல்ல, ஏற்பாடு செய்தவர். அவர் ஏறினாலும் ஏறாவிட்டாலும் மாறாத தொகை ஒன்றை, செலவழித்த நேரத்துக்கும் பயணத்துக்கும் சாப்பாட்டுக்கும் கொடுங்கள். படம் சம்பாதித்தால் பங்கு என்ன என்பதையும் தொடக்கத்திலேயே எழுதுங்கள். நியூயார்க்கின் பால்ரூம் குழுக்களை, அதாவது தன்பாலின, திருநர் சமூகத்தினர் அலங்காரத்திலும் நடனத்திலும் போட்டியிடும் குழுக்களைப் பற்றி 1990இல் வந்த ஆவணப்படம் எதிர்பாராத வசூல் செய்தது. பங்கேற்றவர்கள் சண்டைக்கு வந்தார்கள். கடைசியில் 13 பேருக்கு 55,000 டாலர் அளவில் பிரித்துக் கொடுக்கப்பட்டது. கசப்பு நீங்கவில்லை. முதல் நாளே பேசியிருந்தால் அந்தத் தொகையைவிடக் குறைவிலேயே எல்லாரும் திருப்தியாக இருந்திருக்கக்கூடும் என்று நினைக்கிறேன்.

சட்டம் பற்றி. நீங்கள் எடுத்துப் படத்தில் சேர்க்காமல் வைத்திருக்கும் பதிவு உங்கள் சொத்து மட்டுமல்ல, சாட்சியமும்கூட. எக்வடோரின் எண்ணெய் மாசு வழக்கைப் பற்றிப் படமெடுத்த ஜோ பெர்லிங்கரிடம் 600 மணி நேர மூலப் பதிவை ஷெவ்ரான் நிறுவனம் 2010இல் நீதிமன்றம் மூலம் கேட்டது. பெருமளவைக் கொடுக்க வேண்டி வந்தது. இந்தியாவில் குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 94ஆம் பிரிவு, ஆவணங்களையும் மின்னணுச் சாதனங்களையும் ஒப்படைக்கச் சொல்லி உத்தரவிட அதிகாரம் தருகிறது. ஆகவே பெயர் சொல்லிக் குற்றத்தை ஒப்புக்கொள்ளும் பேட்டியை எடுத்து வைத்துக்கொண்டு "பயன்படுத்த மாட்டேன்" என்று வாக்குக் கொடுப்பதில் பொருளில்லை. எடுக்காமல் இருப்பதுதான் பாதுகாப்பு. அலட்சியத்தால் மரணம் விளைவித்தல் தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 106ஆம் பிரிவில் வருகிறது. நாள், நேரம், இடம் எல்லாவற்றையும் படக்குழு தீர்மானித்திருந்தால் கேள்வி உங்களிடமும் வரும். டிரோனுக்கு 2021 விதிகள் உண்டு: பச்சை மண்டலத்தில் 400 அடிவரை முன் அனுமதி தேவையில்லை, மற்ற மண்டலங்களில் தேவை. மலைச் சுவர்கள் பெரும்பாலும் காப்புக் காட்டுக்குள் இருப்பதால் வனத்துறை அனுமதி தனி. ஒரு வழக்கறிஞரிடம் ஒரு மணி நேரம் பேசுவதற்கான கட்டணத்தைக் கேமரா வாடகைக்கு முன்னால் ஒதுக்குங்கள்.

முகத்தை மறைப்பதாக வாக்குக் கொடுத்திருந்தால், எடுக்கும்போதே மறைத்து எடுங்கள்: எதிர் வெளிச்சம், கைகள், முதுகு. பிறகு மங்கலாக்கலாம் என்று தெளிவாக எடுத்து வைத்தால் மூலப் பதிவு யார் கையிலும் போகலாம். பச்சை குத்தியது, நடை, காலணி, ஜன்னலுக்கு வெளியே தெரியும் கோபுரம் எல்லாம் காட்டிக்கொடுக்கும். குரலைத் தடித்ததாக மாற்றுவதை மென்பொருளால் திருப்பிவிடலாம். அதே வார்த்தைகளை வேறொருவரைப் பேசவைப்பது மேல்.

எடிட்டிங்கில் எல்லாரும் செய்யும் தவறு, உச்சக் காட்சியிலிருந்து பின்னோக்கிப் படத்தைக் கட்டுவது. அப்படிக் கட்டினால் இடையில் உள்ள எல்லாமே அதற்கான முன்னோட்டமாகிவிடும், ஆபத்து அழகாக மட்டும் தெரியும். ஃப்ரீரைடரில் ஹானல்ட் கயிறு கட்டி ஒரு ஆண்டுக்கு மேல் ஒவ்வொரு கைப்பிடியையும் மனப்பாடம் செய்தார்; 2016இல் கயிற்றோடு ஏறும்போதே விழுந்து கணுக்காலில் அடிபட்டார். இந்த உழைப்பு திரையில் நீளமாக இருந்தால்தான், பார்க்கும் 17 வயதுப் பையனுக்கு இது ஒரு காலைப் பொழுதில் வரும் துணிச்சல் இல்லை என்று புரியும். ஒத்திகை, காத்திருப்பு, திரும்பி வந்த நாட்கள் இவற்றுக்கே படத்தின் பெரும்பகுதியைக் கொடுங்கள். செயல் நடக்கும் நிமிடங்களில் பின்னணி இசையை எடுத்துவிட்டுப் பாருங்கள். மூச்சும் சுண்ணப்பொடி தட்டும் சத்தமும் போதும்.

வெளியிடுவதற்கு முன் அந்தக் குழுவுக்குத் தனியாகப் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் சொல்லும் தொழில்நுட்பப் பிழைகளை அவசியம் திருத்துங்கள். முடிச்சின் பெயர் தவறினாலே மற்ற எதையும் நம்ப மாட்டார்கள். இடத்தைப் பற்றி அவர்கள் சொல்வதையும் கேளுங்கள். படம் வந்த மறுவாரமே கூட்டம் சேர்ந்து, குப்பை சேர்ந்து, ஒருவர் விழுந்து, அந்த இடமே மூடப்படுவது பல மலைகளில் நடந்திருக்கிறது. இடத்தின் பெயரைச் சொல்லாமல் விட்டால் மட்டும் போதாது. கோப்பில் பதிந்திருக்கும் ஜிபிஎஸ் தகவலை அழித்து, அணுகும் பாதையைக் காட்டும் அகல ஷாட்டுகளை எடுத்துவிட்டு, முன்னோட்டத் துணுக்குகளையும் விளம்பரப் படங்களையும் அதே கண்ணோடு ஒருமுறை பார்த்த பிறகே ஏற்றுங்கள்.